ஆங்கில அகராதிகளில் அருஞ்சொற்களின் பொருளும் ஒலிப்பும் (1604–1791)

ஆய்வுச் சுருக்கம்

ஆங்கிலத்தின் முதல் ஒருமொழி அகராதியாகப் பொதுவாகக் கருதப்படும் நூல் 1604ஆம் ஆண்டு இலண்டனில் வெளிவந்தது. அது அம்மொழியின் எல்லாச் சொற்களையும் தொகுத்த நூலன்று. பலருக்கும் விளங்காத அருஞ்சொற்களுக்கு மட்டும் பொருள் கூறிய நூல். அச்சொற்களை எவ்வாறு ஒலிப்பது என்பதை அது குறிப்பிடவில்லை. ஒலிப்பைக் காட்டும் அகராதிகள் தோன்ற ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் ஆயிற்று. பொருளும் ஒலிப்பும் வெவ்வேறு காலங்களில் அகராதிக்குள் வந்ததற்கான சமூகக் காரணங்களை இக்கட்டுரை ஆராய்கிறது. அருஞ்சொற்களைப் பொறுத்தவரை அகராதி தரும் பொருளும் ஒலிப்பும் பேச்சு வழக்கின் பதிவுகளாக அன்றி, அகராதியாளரின் ஊகங்களாகவே பல இடங்களில் அமைந்துள்ளன என்பதை இது நிறுவ முயல்கிறது.

திறவுச் சொற்கள்: அருஞ்சொல், ஒருமொழி அகராதி, ஒலிப்பகராதி, சொல்லழுத்தம், காட்ரி, பிளவுண்ட், ஷெரிடன், வாக்கர்.

முன்னுரை

இன்றைய ஆங்கில அகராதி எதனைப் புரட்டினாலும் தலைச்சொல்லை அடுத்து ஒலிப்பும் அதனை அடுத்துப் பொருளும் இடம்பெறக் காணலாம். இவ்விரண்டும் ஒரே நேரத்தில், ஒரே தேவைக்காக அகராதிக்குள் வந்தவை என்ற எண்ணத்தை இவ்வமைப்பு தோற்றுவிக்கிறது. அகராதி வரலாறு இதற்கு மாறான செய்தியைத் தருகிறது. பொருள் தேவைப்பட்டவர்கள் ஒரு சாரார். ஒலிப்பு தேவைப்பட்டவர்கள் மற்றொரு சாரார். பதினேழாம் நூற்றாண்டு அகராதிகளின் முகப்புரைகளும் பதினெட்டாம் நூற்றாண்டு ஒலிப்பகராதிகளின் முன்னுரைகளும் யாரை நோக்கிப் பேசுகின்றன என்பதை ஒப்பிட்டால் இவ்வேறுபாடு தெளிவாகும்.

இவ்வேறுபாடு மொழி வரலாற்று ஆய்வுக்கும் இன்றியமையாதது. பழைய அகராதிகள் தரும் ஒலிப்புக் குறிப்புகளை அக்காலப் பேச்சின் சான்றுகளாக ஆய்வாளர் கையாள்வது வழக்கம். அன்றாடச் சொற்களுக்கு இது பெரிதும் பொருந்தும். பேச்சில் அரிதாக வழங்கிய சொற்களுக்கு எந்த அளவு பொருந்தும் என்பது தனியே ஆராயத்தக்கது.

அருஞ்சொற்கள் பெருகிய சூழல்

பதினாறாம் நூற்றாண்டில் இலத்தீன், கிரேக்கம், பிரெஞ்சு ஆகிய மொழிகளிலிருந்து ஆங்கிலத்துக்குப் பெருந்தொகையான சொற்கள் வந்து சேர்ந்தன. மொழிபெயர்ப்புகளும் அச்சுத்தொழிலும் சமயச் சீர்திருத்த எழுத்துகளும் இவ்வரவை விரைவுபடுத்தின. இதற்கு எதிர்ப்பும் எழுந்தது. 1553இல் தாமஸ் வில்சன் தமது அணியிலக்கண நூலில், மைக்கூட்டிலிருந்து பிறந்த சொற்கள் என்று இவற்றை எள்ளி நகையாடினார். கேம்பிரிட்ஜ் அறிஞர் ஜான் சீக் பிறமொழிக் கலப்பில்லாத ஆங்கிலத்தை வலியுறுத்தினார். ஆயினும் புதுச்சொற்களின் வரவு குறையவில்லை.

இச்சொற்கள் எல்லோருக்கும் ஒரே அளவில் அரியனவாக இருக்கவில்லை. இலத்தீன் பயின்ற ஆண்களுக்கு அவற்றின் வேர்கள் முன்பே அறிமுகமானவை. தாமஸ் எலியட் 1538இல் வெளியிட்ட இலத்தீன்–ஆங்கில அகராதி போன்ற நூல்களும் அவர்களுக்கு உதவின. இலக்கணப் பள்ளிக் கல்வி மறுக்கப்பட்ட பெண்களுக்கும், அக்கல்வியைப் பெற இயலாத வணிகர், கைவினைஞர் முதலியோருக்கும் தம் தாய்மொழி நூலொன்றே விளங்காத நிலை ஏற்பட்டது. எனவே அருமை என்பது சொல்லின் இயல்பாக மட்டும் அமையவில்லை. சொல்லுக்கும் அதனைப் படிப்பவரின் கல்விக்கும் இடையிலான தொலைவாகவும் அமைந்தது.

ஆங்கிலச் சொற்களைத் தொகுக்கும் அகராதி வேண்டும் என்ற குரலை 1582இல் ஆசிரியர் ரிச்சர்ட் மல்காஸ்டர் எழுப்பினார். ஏறத்தாழ 8,000 சொற்களை அவர் பட்டியலிட்டார். அவற்றுக்குப் பொருள் தரவில்லை. 1596இல் எட்மண்ட் கூட் எழுதிய பள்ளிப் பாடநூலின் இறுதியில் அருஞ்சொற்களுக்குச் சுருக்கப் பொருள் தரும் பட்டியல் ஒன்று இடம்பெற்றது. இவ்விரு முயற்சிகளும் ஒருமொழி அகராதிக்கு வழியமைத்தன.

காட்ரியின் சொற்பட்டியல்

ராபர்ட் காட்ரி ரட்லாண்டு பகுதியைச் சார்ந்த பள்ளி ஆசிரியர், சமயகுருவாகவும் இருந்தவர். திருச்சபையின் நெறிமுறைகளுக்கு முழுமையாக இணங்காமையால் குருப்பதவியை இழந்தவர். அவர் 1604இல் வெளியிட்ட 'டேபிள் ஆல்ஃபபெட்டிக்கல்' (அகரவரிசைப் பட்டியல்) ஏறத்தாழ 2,500 சொற்களைக் கொண்டது. உயர்குலப் பெண்களுக்கும் பயிற்சி குறைந்த பிறருக்கும் பயன்படும் பொருட்டு இந்நூல் செய்யப்பட்டதாக அதன் முகப்புப் பக்கம் அறிவிக்கிறது. திருமறையிலும் சமயச் சொற்பொழிவுகளிலும் எதிர்ப்படும் கடுஞ்சொற்களை அவர்கள் விளங்கிக்கொள்ள வேண்டும் என்பது காட்ரியின் நோக்கம்.

இந்நூலின் மூன்று கூறுகள் கருதத்தக்கன. முதலாவது, சொல்லைத் தேடுவதற்கு எழுத்துகளின் வரிசையை மனப்பாடமாக அறிந்திருக்க வேண்டும் என்று முன்னுரை வாசகருக்கு அறிவுறுத்துகிறது. அகரவரிசையில் தேடும் பழக்கமே அவ்வாசகர்க்குப் புதிது என்பதை இது காட்டுகிறது. இரண்டாவது, பொருள் விளக்கம் மிகச் சுருக்கமானது. பெரும்பாலும் ஓர் அரிய சொல்லுக்கு ஓரிரு எளிய சொற்கள் இணையாகத் தரப்படுகின்றன. மூன்றாவது, பிரெஞ்சிலிருந்தும் கிரேக்கத்திலிருந்தும் வந்த சொற்களுக்குத் தனித்தனிக் குறிகள் இடப்பட்டுள்ளன. சொல்லின் பிறப்பைக் காட்டக் குறி அமைத்த காட்ரி, அதன் ஒலிப்பைக் காட்டக் குறி எதனையும் அமைக்கவில்லை.

பட்டியலின் முதற்சொல் 'அபாண்டன்'. கைவிடுதல் என்னும் பொருள்படும் இச்சொல்லை இன்று ஆங்கிலம் பயிலும் மாணவர் எவரும் அருஞ்சொல்லாகக் கருதுவதில்லை. 1604இல் அதற்குப் பொருள் கூறவேண்டியிருந்தது என்பதே அருமையின் நிலையாமைக்குச் சான்று. மற்றொரு முரணும் இந்நூலில் உண்டு. எளிய நடையில் பேசுமாறு அறிவுறுத்தி, மைக்கூட்டுச் சொற்களைக் கண்டிக்கும் முன்னுரைப் பகுதியைக் காட்ரி வில்சனின் நூலிலிருந்து எடுத்தாண்டுள்ளார். அருஞ்சொற்களின் முதல் அகராதி அருஞ்சொற்களைக் கண்டித்துக்கொண்டே தொடங்குகிறது. அவற்றைத் தடுக்க இயலாதபோது, அவற்றால் ஒதுக்கப்பட்டோருக்கு விளக்கமேனும் அளிக்க வேண்டும் என்ற நிலைப்பாடாக இதனைக் கொள்ளலாம்.

பொருளின் மூலம்: வழக்கா, ஏடா?

காட்ரியை அடுத்து மருத்துவர் ஜான் புல்லோகர் 1616இல் ஓர் அகராதி வெளியிட்டார். வழக்கொழிந்த சொற்களுக்கு அவர் உடுக்குறி இட்டார். 1623இல் வந்த ஹென்றி காக்கரம் அகராதி, ஆங்கில அகராதி என்னும் பெயரையே தலைப்பாகக் கொண்டது. அதன் முதற்பகுதி அருஞ்சொல்லுக்கு எளிய சொல்லைத் தந்தது. இரண்டாம் பகுதி எளிய சொல்லுக்கு அருஞ்சொல்லைத் தந்தது. இரண்டாம் பகுதியின் அமைப்பு ஒரு நோக்க மாற்றத்தைக் காட்டுகிறது. காட்ரியின் வாசகர் அருஞ்சொல்லைப் புரிந்துகொள்ள விரும்பியவர். காக்கரத்தின் வாசகரோ அதனைத் தாமே கையாண்டு கற்றோராகத் தோன்ற விரும்பியவர்.

காக்கரம் தந்த சொற்கள் எங்கிருந்து வந்தன என்ற வினா இங்கு எழுகிறது. குதிரையேறி அகன்று செல்லுதல் என்ற பொருளில் அவர் தரும் 'அபெக்விடேட்' போன்ற சொற்கள் இலத்தீன் அகராதியிலிருந்து எடுத்து ஆங்கில ஈறு சேர்க்கப்பட்டவை. அகராதிக்கு வெளியே யாரும் அவற்றைப் பேசியதாகக் கொள்வதற்கு இடமில்லை. அகராதி வழக்கைப் பதிவு செய்வதற்கு மாறாக, தானே சொல்லை உருவாக்கிய நிலை இது. அத்தகைய சொல்லுக்குப் பேசுவோர் இல்லை. ஆகவே அதற்கென்று நிலைபெற்ற ஒலிப்பும் இல்லை.

தாமஸ் பிளவுண்டின் நிலை வேறு. கத்தோலிக்க சமயத்தவரும் சட்டம் பயின்றவருமான அவர், தம் வாசிப்பில் எதிர்ப்பட்டுப் பொருள் விளங்காத சொற்களைப் பல ஆண்டுகள் குறித்து வைத்து 1656இல் 'கிளாசோகிராஃபியா' என்னும் அகராதியாக வெளியிட்டார். ஏறத்தாழ 11,000 சொற்களைக் கொண்ட அந்நூல் சொற்பிறப்பையும், பல இடங்களில் சொல் எடுக்கப்பட்ட மூலநூலையும் சுட்டுகிறது. சமையற்காரர், தையற்காரர், செருப்புத் தைப்போர் முதலியோரின் தொழிற்சொற்களும் தமக்கு விளங்கவில்லை என்று அவர் முன்னுரையில் ஒப்புக்கொள்கிறார். கற்றறிந்த ஒருவருக்குக் கடைத்தெருச் சொல்லும் அருஞ்சொல்லாகலாம் என்ற இக்கருத்து, அருமையைக் கல்விக் குறைவோடு மட்டும் இணைத்த முன்னோரின் பார்வையிலிருந்து விலகி நிற்கிறது.

மில்டனின் உடன்பிறந்தாள் மகனான எட்வர்ட் பிலிப்ஸ் 1658இல் வெளியிட்ட அகராதி பிளவுண்டின் நூலை மிகுதியும் தழுவியது. அதன் பிழைகளைத் தொகுத்து 1673இல் பிளவுண்ட் கண்டன நூல் ஒன்றை வெளியிட்டார். ஒரு நூலின் பிழை அடுத்த நூலுக்குப் பொருளாக மாறும் இப்போக்கு, ஏட்டிலிருந்து ஏட்டுக்குச் சென்ற சொற்களின் தன்மையை விளக்கப் போதுமானது.

அழுத்தக்குறியும் ஜான்சனின் தயக்கமும்

1702இல் ஜே.கே. என்னும் முதலெழுத்துகளோடு வெளிவந்த, ஜான் கெர்சிக்கு உரியதாகக் கருதப்படும் அகராதி, அன்றாடச் சொற்களையும் முறையாகச் சேர்த்தது. அருஞ்சொல் அகராதி பொது அகராதியாக மாறியதன் தொடக்கம் இது. 1721இல் நேதன் பெய்லி ஏறத்தாழ 40,000 சொற்களுடன் அகராதி வெளியிட்டார். 1727இல் வந்த அதன் இரண்டாம் தொகுதியில், சொல்லின் எந்த அசையில் அழுத்தம் விழுகிறது என்பதைக் குறியிட்டுக் காட்டினார். பொருள் கூறும் ஆங்கில அகராதிகளில் ஒலிப்பு நோக்கிய முதற்படிகளுள் இஃது ஒன்று.

இலத்தீன், கிரேக்கச் சொற்களில் அழுத்தம் தடுமாற்றத்துக்குரியது. மூலமொழியின் அழுத்தத்தைப் பின்பற்றுவதா, சொல்லின் முற்பகுதியை நோக்கி அழுத்தம் நகரும் ஆங்கில இயல்பைப் பின்பற்றுவதா என்பது சொல்லுக்குச் சொல் முடிவு செய்ய வேண்டியதாயிற்று. இத்தாலியத்திலிருந்து வந்ததும் இன்று தமிழிலும் வழங்குவதுமான 'பால்கனி' என்னும் சொல் இதற்கு எடுத்துக்காட்டு. அதன் அழுத்தம் முன்பு இரண்டாம் அசையில் இருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் முதலசைக்கு மாறியது. அம்மாற்றம் தமக்கு அருவருப்பூட்டுவதாகக் கவிஞர் சாமுவேல் ரோஜர்ஸ் முதுமையில் குறைப்பட்டுக்கொண்டார்.

சாமுவேல் ஜான்சன் 1755இல் வெளியிட்ட அகராதி 42,000க்கும் மேற்பட்ட தலைச்சொற்களைக் கொண்டது. பொருள் விளக்கத்திலும் மேற்கோளிலும் அதற்கு முன் ஒப்பான ஆங்கில அகராதி இல்லை. எனினும் ஒலிப்பைப் பொறுத்தவரை அவர் அழுத்தக்குறியோடு நிறுத்திக்கொண்டார். 1747இல் வெளியிட்ட திட்ட அறிக்கையில் ஒலிப்பை நிலைப்படுத்தும் விருப்பத்தைத் தெரிவித்த அவர், 1755ஆம் ஆண்டு முன்னுரையில் ஒலிகளைச் சட்டத்தால் கட்டுப்படுத்த முயல்வது வீண் என்று முடிவு செய்தார்.

இதன் பின்னணியை 1772இல் நிகழ்ந்ததாகப் பாஸ்வெல் பதிவு செய்துள்ள உரையாடல் ஒன்று தெளிவுபடுத்துகிறது. 'பெரிய' என்னும் பொருள்படும் அன்றாட ஆங்கிலச் சொல்லைக் 'கிரேட்' என ஒலிக்க வேண்டும் என்றார் செஸ்டர்ஃபீல்டு பிரபு. வில்லியம் யங்கோ, 'கிரீட்' என்பதே சரி, ஐரிஷ்காரரே 'கிரேட்' என்பர் என்றார். ஒருவர் பிரபுக்கள் அவையின் சிறந்த பேச்சாளர். மற்றவர் மக்களவையின் சிறந்த பேச்சாளர். அவ்விருவருமே முழுமையாக முரண்படும்போது, அயர்லாந்தில் பிறந்த ஷெரிடன் ஆங்கில ஒலிப்பை எவ்வாறு நிலைப்படுத்த இயலும் என்பது ஜான்சன் எழுப்பிய வினா. அன்றாடச் சொல்லுக்கே இந்நிலை எனில் அருஞ்சொல்லின் நிலை சொல்லாமலே விளங்கும். ஒலிப்பைக் கூறும் தகுதி பிறப்பிடத்தோடு பிணைக்கப்பட்டிருந்ததும் இவ்வுரையாடலால் புலனாகிறது.

ஒலிப்பகராதிகளின் தோற்றம்

ஒலிப்பு பற்றிய நூல்களை எழுதியோருள் கணிசமானோர் இலண்டன் உயர்குழாத்துக்கு வெளியே இருந்து வந்தவர்கள். 1757இல் முன்னோடி ஒலிப்பகராதி ஒன்றை வெளியிட்ட ஜேம்ஸ் புக்கானன் ஸ்காட்லாந்தைச் சார்ந்தவர். வில்லியம் பெர்ரியின் அகராதி 1775இல் எடின்பரோவில் வெளிவந்தது. தாமஸ் ஷெரிடன் அயர்லாந்தின் நாடக நடிகர்.

இதற்கு அரசியல் பின்னணி உண்டு. 1707இல் இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் ஒன்றிணைந்தபின், ஸ்காட்லாந்தின் வழக்கறிஞரும் அரசியலாளரும் இலண்டனில் பேசவேண்டியவராயினர். அவர்களுக்குச் சொற்பொருள் அறிவில் குறைவில்லை. இலத்தீன் புலமை மிக்கோர் பலர். ஆனால் வாய் திறந்த அளவில் அயலார் என்று அறியப்பட்டனர். 1761இல் ஷெரிடன் எடின்பரோவில் நிகழ்த்திய பேச்சுக்கலைச் சொற்பொழிவுகளை ஏறத்தாழ முந்நூறு பேர் கேட்டனர் என்பது இத்தேவையின் அளவைக் காட்டும். பொருள் அறியாமை கல்விக் குறையாகக் கருதப்பட்டது; நூலொன்றால் அதனைப் போக்கலாம். ஒலிப்பு வேறுபாடோ பிறப்பிடத்தின் அடையாளமாகக் கருதப்பட்டது. ஒலிப்பகராதி அவ்வடையாளத்தை மறைக்க உதவும் கருவியாக விற்பனைக்கு வந்தது.

இந்நோக்கிலிருந்து வேறுபட்டவர் நியூகாசில் நகர ஆசிரியர் தாமஸ் ஸ்பென்ஸ். நிலம் மக்களுக்குப் பொதுவாக வேண்டும் என்று வாதிட்ட அவர், 1775இல் ஓர் ஒலிக்கு ஓர் எழுத்து என்ற நெறியில் புதிய நெடுங்கணக்கை அமைத்து அகராதி வெளியிட்டார். உழைக்கும் ஏழைகள் விரைவில் படிக்கக் கற்கவேண்டும் என்பது அவர் எண்ணம். அந்நெடுங்கணக்கு பரவவில்லை.

நடைமுறையில் நிலைத்தது எண்குறி முறை. வில்லியம் கென்ரிக் 1773இல் உயிரொலி வேறுபாடுகளை எண்களால் காட்டினார். ஷெரிடன் 1780இல் எண்குறியோடு சொல்லை ஒலிக்கேற்ப மாற்றி எழுதியும் காட்டினார். ஆன் அரசியின் காலத்து அவையொலிப்பைத் தாம் வழிவழியாகப் பெற்றதாக அவர் உரிமை கோரினார்; இளமையில் ஸ்விஃப்டுக்கு நூல் படித்துக் காட்டிய பழக்கத்தை அதற்குச் சான்றாக்கினார். மிடில்செக்ஸில் பிறந்தவரும் நடிகராக இருந்தவருமான ஜான் வாக்கர் 1791இல் வெளியிட்ட ஒலிப்பகராதி, நூற்றுக்கும் மேற்பட்ட பதிப்புகளைக் கண்டது. ஸ்காட்லாந்தினர், ஐரிஷ்காரர் ஆகியோருக்கு மட்டுமன்றி இலண்டன் எளிய மக்களுக்கும் அவர் திருத்த விதிகளை வகுத்தார். இதனால் தலைநகரில் பிறந்தவரும் தம் மொழியைத் தவறாக ஒலிப்போர் பட்டியலில் சேர்க்கப்பட்டனர்.

ஒரு சொல்லின் பயணம்

பொருளும் ஒலிப்பும் அகராதிக்குள் முடிவு செய்யப்பட்டமைக்குத் தற்கொலை என்னும் பொருள்படும் 'சூயிசைட்' என்ற சொல் தக்க சான்று. இலத்தீன் உறுப்புகளைக் கொண்டு பதினேழாம் நூற்றாண்டில் ஆங்கிலத்தில் ஆக்கப்பட்ட இச்சொல், 1656இல் பிளவுண்டின் அகராதியில் இடம்பெற்றது. தன்னைத் தானே கொல்லுதல் என்னும் செயலைக் குறிக்க எளிய ஆங்கிலத் தொடர்கள் அப்போதும் இருந்தன. பிலிப்ஸ் இச்சொல்லை ஏற்கவில்லை. தன்னைக் குறிக்கும் 'சுயி' என்னும் இலத்தீன் சொல்லைவிடப் பன்றியைக் குறிக்கும் 'சுஸ்' என்பதிலிருந்து இதனை வருவிப்பதே பொருந்தும் என்று இகழ்ந்தார். சொல்லின் பொருளோடு அச்செயலைப் பற்றிய ஒழுக்கத் தீர்ப்பும் அகராதிக்குள் புகுந்தது.

அடுத்த நூற்றாண்டில் விவாதம் ஒலிப்புக்கு மாறியது. ஷெரிடன் இச்சொல்லின் முதலொலியை 'ஷூ' எனக் கொண்டு 'ஷூயிசைட்' என ஒலிக்க வேண்டும் என்றார். 'ஷுகர்' (சர்க்கரை), 'ஷூர்' (உறுதி) முதலிய அன்றாடச் சொற்களில் சகர ஒலி ஷகரமாக ஒலிப்பதனை அவர் நெறியாக விரித்தார் எனலாம். வாக்கர் இதனை மறுத்தார். அழுத்தத்தின் இடமே இம்மாற்றத்தை முடிவு செய்யும் என்பது அவர் வகுத்த நெறி. 'ஷுகர்', 'ஷூர்' ஆகியவை அதற்குப் புறனடைகள். அவற்றைக் கொண்டு பிற சொற்களை மாற்றுவது பிழை என்று வாதிட்டார். இன்று நிலைத்திருப்பது சகர ஒலிப்பே.

இருவரும் கையாண்ட முறை இங்குக் கருதத்தக்கது. வழக்கே இறுதி நடுவர் என்று வாக்கர் கொள்கையளவில் ஏற்கிறார். வழக்கு பிளவுபடும் இடத்தில் ஒப்புமை முடிவு செய்யட்டும் என்கிறார். அன்றாடச் சொற்களில் வழக்கு பெரும்பாலும் ஒருமித்திருக்கும். பிளவோ வெறுமையோ மிகுதியாக நிலவுவது அருஞ்சொற்களில்தான். எனவே அருஞ்சொற்களுக்கு வாக்கர் தரும் ஒலிப்பில் செவியின் பங்கினும் விதியின் பங்கே பெரிது.

பிற்கால விளைவுகள்

ஸ்காட்லாந்தைச் சார்ந்த ஜேம்ஸ் மர்ரே பதிப்பித்த, பின்னர் ஆக்ஸ்ஃபோர்டு அகராதி என்று பெயர்பெற்ற பேரகராதியின் முதற்பகுதி 1884இல் வந்தது. வழக்கொழிந்த சொற்களுக்குப் பொதுவாக அது ஒலிப்புத் தரவில்லை. பேசுவோர் இல்லாத சொல்லுக்கு ஒலிப்பை ஊகித்துத் தருவதைத் தவிர்த்த இந்நெறி, காட்ரிக்குப் பின் 280 ஆண்டுகள் கழித்து எட்டப்பட்ட தெளிவு. 1917இல் டேனியல் ஜோன்ஸ் தம் ஒலிப்பகராதியில், தாம் பதிவு செய்வது தென் இங்கிலாந்தின் உறைவிடப் பள்ளிகளில் பயின்றோர் குடும்பங்களின் பேச்சு என வரையறுத்தார். யாருடைய ஒலிப்பு என்ற வினாவுக்கு வெளிப்படையான விடை கிடைத்தது.

ஆயினும் தீர்ப்புக் கோரும் தேவை மறையவில்லை. 1926இல் பி.பி.சி. வானொலி, ஐயத்துக்குரிய சொற்களின் ஒலிப்பை முடிவு செய்ய அறிஞர் குழு ஒன்றை அமைத்தது. கவிஞர் ராபர்ட் பிரிட்ஜஸ் தலைவர். ஜோன்ஸ் ஓர் உறுப்பினர். 1928இல் குழுவின் பரிந்துரைகள் நூலாயின. பிரிட்ஜஸ் மறைந்தபின் 1930இல் தலைமையேற்றவர் டப்ளினில் பிறந்த பெர்னார்ட் ஷா. ஐரிஷ்காரருக்கு ஆங்கில ஒலிப்பில் என்ன உரிமை என்று ஜான்சன் எழுப்பிய வினா, ஒன்றரை நூற்றாண்டுக்குப் பின் இவ்வாறு நடைமுறையில் விடை பெற்றது.

முடிவுரை

இவ்வாய்வின் முடிவுகளைப் பின்வருமாறு தொகுக்கலாம்.

1. ஆங்கில ஒருமொழி அகராதி, இலத்தீன் கல்வி பெறாதோருக்கு அருஞ்சொற்பொருளை அளிக்கத் தோன்றியது. அன்று அரியனவாகக் கருதப்பட்ட சொற்கள் பல இன்று அன்றாடச் சொற்களாகிவிட்டன.

2. ஒலிப்பைக் காட்டும் முயற்சி, பொருள் அறிந்தும் பேச்சால் அயலாராகக் கருதப்பட்டோரின் தேவையிலிருந்து எழுந்தது. கல்வியால் எழுந்த தடையை முதல் வகை அகராதி தளர்த்தியது. இரண்டாம் வகை அகராதி அயலாருக்கு உதவிய அதே வேளையில், சரியான ஒலிப்பு என்னும் புதிய தடையை அச்சில் நிலைப்படுத்தியது.

3. அருஞ்சொற்களின் பொருள் பல இடங்களில் இலத்தீன் அகராதிகளிலிருந்தும், ஒலிப்பு ஒப்புமை விதிகளிலிருந்தும் வருவிக்கப்பட்டன. ஆகவே 1604 முதல் 1791 வரையிலான அகராதிகளை மொழி வரலாற்றுச் சான்றாகக் கொள்ளும் ஆய்வாளர், தலைச்சொல் பேச்சில் வழங்கியதா, ஏட்டில் மட்டும் நின்றதா என்பதை முதலில் பிரித்தறிய வேண்டும். ஏட்டில் மட்டும் நின்ற சொல்லுக்கு ஷெரிடனோ வாக்கரோ தரும் ஒலிப்பு, அவர்தம் ஒலியியற் கொள்கைக்குச் சான்றாகுமே அன்றி, அக்கால மக்களின் பேச்சுக்குச் சான்றாகாது.